படித்துவிட்டுப் பார்க்க வந்தவர்கள்

போன மாதம் கோகிலா என் வீட்டுக்கு வந்தபோது ஒரு புத்தகம் கொண்டுவந்தாள். குழந்தைகள் பாதுகாப்பு அலுவலகத்தில் நான் ஓய்வு பெற்ற பிறகு என் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவள் அவள்தான். கெட்டிக்காரப் பெண். வெயில், மழை பார்க்காமல் அலைகிறவள். அதனாலேயே அந்தப் புத்தகத்தைப் படித்து முடித்ததும் அவள்மேல் எனக்குக் கோபம் இரட்டிப்பாக வந்தது.

"மேடம், படிச்சுப் பாருங்க. கொடுமைக்கு ஆளான பசங்களை எடுத்து வளர்த்தவங்களோட உண்மைக் கதைங்க. எனக்கு அழுகையே வந்துடுச்சு. புதுசா வர்ற வளர்ப்புப் பெற்றோருக்கு ட்ரெய்னிங்ல இதையே குடுக்கலாம்னு இருக்கேன். நீங்களும் உங்க சர்வீஸ்லேருந்து ஒண்ணு எழுதிக் குடுங்களேன். நாமளே ஒரு தொகுப்பு போடலாம்" என்றாள்.

அட்டை முழுக்க ஒரு குழந்தையின் கண். அதில் ஒரு சொட்டு நீர். படப்பையில் என் வீட்டு மாடியில் உட்கார்ந்து படித்தேன். எல்லாக் கதையும் ஒரே வார்ப்பு. முதல் பக்கத்திலேயே காயத்தைத் திறந்து காட்டிவிடுவார்கள். எங்கே அடித்தார்கள், எதனால் அடித்தார்கள், தழும்பு எவ்வளவு நீளம், எல்லாம் விலாவாரியாக இருக்கும். பிறகு ஒரு புண்ணியவதி வருவாள். குழந்தை கொஞ்ச நாள் பேசாது. தலையணைக்கு அடியில் சோற்றை ஒளித்துவைக்கும். ஒரு நாள் மழை பெய்யும். குழந்தை "அம்மா" என்று ஓடிவந்து கட்டிக்கொண்டு நடந்ததையெல்லாம் கொட்டிவிடும். புண்ணியவதி அழுவாள். படிக்கிறவரும் அழுவார். கதை முடிந்தது.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இந்தக் கதைகள் பொய் என்று நான் சொல்லவில்லை. உண்மையாகவே இருக்கட்டும். அந்தக் குழந்தையின் உண்மையை ஐந்நூறு பேருக்கு எடுத்துக் கொடுக்க இவர்கள் யார் என்பதுதான் என் கேள்வி. கோகிலா கேட்டதற்காக எழுதுகிறேன். ஆனால் அவள் கேட்ட மாதிரி எழுதப்போவதில்லை.

நான் வேலைக்கு வந்த கதை பெரிதாக ஒன்றுமில்லை. சமூகப்பணி படித்தேன். கொஞ்ச காலம் ஒரு தொண்டு நிறுவனத்தில் சம்பளம் வந்தும் வராமலும் வேலை பார்த்தேன். பிறகு அரசு அலுவலகத்தில் ஒப்பந்த வேலை. கடைசி நாள்வரை ஒப்பந்தம்தான். "எஸ்தர் மேடம்" என்று கூப்பிட நாலு பேர் இருந்தார்கள், பென்ஷன் கிடையாது. அது வேறு கதை, அதைப் பேச ஆரம்பித்தால் இது முடியாது.

எங்கள் பகுதி ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், சுற்றுப்பட்ட ஊர்கள். கம்பெனிகள் வந்த வேகத்தில் வீடுகளும் வந்தன. கம்பெனி பஸ்கள் விடியற்காலையிலிருந்து ஊர் ஊராகச் சுற்றும். அம்மா ஒரு ஷிப்ட், அப்பா ஒரு ஷிப்ட். அடுத்த வீட்டுக்காரர் எந்த மாநிலம் என்றுகூடத் தெரியாது; அவரும் அடுத்த வருடம் இருக்கமாட்டார். கதவுக்குப் பின்னால் ஒரு பிள்ளை இருக்கிறது என்பதே யாருக்கும் தெரியாத வீடுகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

நாங்கள் மீட்கும் பிள்ளைகளை எங்கே வைப்பது, யாரிடம் விடுவது என்று முடிவு செய்வது குழந்தைகள் நலக் குழு. நான் வேலை பார்த்த காலத்தில் அதன் தலைவராக இருந்தவர் தமயந்தி அம்மா. முன்பு வக்கீலாக இருந்தவர். என்னைவிடக் கொஞ்சம்தான் மூத்தவர். ஆனால் அவர் அறைக்குள் வந்தால் போலீஸ்காரர்கூட சட்டைப் பொத்தானைச் சரி செய்துகொள்வார். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. உயர்த்தத் தேவையே இருக்காது.

அவருடைய முறை தனி முறை. குழந்தையைப் பெரிய மேசைக்கு எதிரே நிறுத்தமாட்டார். சுவர் ஓரம் ஒரு பெஞ்சு உண்டு. அதில் தானும் போய் உட்காருவார், நடுவில் ஒரு ஆள் இடம் விட்டு. முதல் கேள்வி எப்போதும் "உன் பை எங்க?" என்பதுதான். பையைக் கொண்டுவந்து குழந்தையின் பக்கத்தில் வைத்த பிறகுதான் மற்ற பேச்சு. தலையைத் தடவுவது, கன்னத்தைத் தொடுவது எதுவும் கிடையாது. யாராவது "ஐயோ பாவம்" என்று சொல்லிவிட்டால், "கொஞ்சம் வெளிய போய்ட்டு வாங்க" என்பார். அறிக்கையில் யாராவது "பரிதாபமான நிலையில்" என்று எழுதியிருந்தால் சிவப்புப் பேனாவால் ஒரு கோடு விழும். என்ன சாப்பிடுகிறது, எப்போது தூங்குகிறது, எந்தச் சத்தத்துக்குத் திடுக்கிடுகிறது, யாரைத் தேடுகிறது, அது போதும் அவருக்கு.

எல்லாவற்றுக்கும் மேல் ஒரு சட்டம் வைத்திருந்தார். நடந்ததைக் குழந்தை ஒரு முறைதான் சொல்ல வேண்டும். சொன்னது பதிவாகிவிட்டது என்றால் அப்புறம் டாக்டர், போலீஸ், அதிகாரி, யார் வந்தாலும் பதிவைத்தான் படிக்க வேண்டும்; குழந்தையின் வாயைக் கிளறக் கூடாது. ஒரு முறை ஒரு பெரிய அதிகாரி, "நானும் ஒரு தடவை நேர்ல கேட்டுக்கறேனே" என்றார். தமயந்தி அம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "எதுக்கு சார் கேக்கறீங்க? வேலைக்கா, வேடிக்கைக்கா?" என்றார். அந்த அதிகாரி டீயைக்கூடக் குடிக்காமல் கிளம்பிவிட்டார்.

இப்போது அந்தப் பெண்ணின் விஷயத்துக்கு வருகிறேன். பெயர் சொல்லமாட்டேன். நான் எழுதும் ஊர்ப் பெயர்களையும் ஆட்களின் பெயர்களையும் நம்பி யாரும் தேடிப் போக வேண்டாம்; வேண்டுமென்றே மாற்றித்தான் எழுதுகிறேன். அவள் மறைமலை நகரில் அத்தை வீட்டில் வளர்ந்தாள். அம்மா இறந்துவிட்டாள், அப்பா லாரியோடு வடக்கே போனவன் திரும்பவில்லை. பக்கத்து வீட்டில் புதிதாகக் குடிவந்த ஒருத்தி சத்தம் கேட்டு உதவி எண்ணுக்கு போன் செய்தாள். நாங்கள் போனோம். அத்தையும் அத்தை புருஷனும் அவளுக்கு என்ன செய்தார்கள் என்று எனக்குத் தெரியும். உங்களுக்கு நான் சொல்லப்போவதில்லை. ஒரு பிள்ளைக்குச் செய்யக் கூடாததைச் செய்தார்கள். அவ்வளவுதான்.

உங்களுக்கு இப்போது சப்பென்று இருக்கிறது என்றால், ஏன் இருக்கிறது என்று நீங்களே ஒரு நிமிஷம் யோசித்துப் பாருங்கள்.

அவளைத் தற்காலிகமாக ஒரு இல்லத்தில் வைத்தோம். பிறகு ஒரு குடும்பத்தில் விடலாம் என்று குழு சொன்னது. தத்து இல்லை, வளர்ப்புப் பராமரிப்பு. பிள்ளை அந்த வீட்டில் வளரும். பொறுப்பு குழுவிடம் இருக்கும். அப்போதுதான் வசந்தி விண்ணப்பித்திருந்தாள். வாலாஜாபாத் பக்கத்து விவசாயக் குடும்பத்துப் பெண். ஒரகடத்தில் ஒரு உதிரிபாகக் கம்பெனியில் லைன் சூப்பர்வைசர். புருஷன் மணி வேறொரு கம்பெனியில் சரக்குத் தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி ஓட்டுகிறவர், பேச்சு குறைவு. பிள்ளை இல்லை. சேரப்பணஞ்சேரியில் சொந்த வீடு.

வீட்டை ஆய்வு செய்ய நான்தான் போனேன். எல்லாரும் நினைப்பது போல வசதியைப் பார்க்க இல்லை. பிள்ளை படுக்கிற இடத்தின் கதவுக்குத் தாழ்ப்பாள் உள்பக்கம் இருக்கிறதா, வெளிப்பக்கம் மட்டும் இருக்கிறதா என்று பார்ப்பேன். பாத்ரூம் கதவு சரியாகச் சாத்துகிறதா என்று பார்ப்பேன். ஃபிரிட்ஜைத் திறக்கும்முன் பிள்ளை யாரிடமாவது கேட்க வேண்டுமா என்று கேட்பேன். இந்தக் கேள்விக்கு நிறையப் பேர் திருதிருவென விழிப்பார்கள். வசந்தி சொன்னாள்: "இன்னாத்துக்கு கேக்கணும்? பசிச்சா தொறந்து எடுத்துக்கட்டும்." எனக்குப் பிடித்துப்போனது.

அடுத்து ஷிப்ட். இரண்டு பேரும் மாறி மாறிப் போனால் வாரா வாரம் வீட்டில் யார் இருப்பார்கள் என்று மாறும். அடிபட்ட பிள்ளைக்கு யார் கதவைத் திறப்பார்கள் என்பது முன்கூட்டியே தெரிய வேண்டும். மணி ஒரு யோசனை சொன்னார். வேலைக்குப் போகிறவரின் யூனிபார்ம் முந்தின நாளே வாசல் கொக்கியில் தொங்கும். தொங்காத யூனிபார்ம் யாருடையதோ அவர் நாளைக்கு வீட்டில். பிள்ளை தானாகவே பார்த்துத் தெரிந்துகொள்ளலாம். அதிகம் பேசாத மனிதருக்கு இது தோன்றியதே என்று எனக்கு ஆச்சரியம்.

கடைசியாக, "யாருன்னு அக்கம்பக்கத்துல கேட்டா இன்னா சொல்வீங்க?" என்று கேட்டேன்.

"அக்கா பொண்ணுன்னு சொல்லிக்கறேன் மேடம்" என்றாள் வசந்தி.

"பொய் சொன்னா அந்தப் பொய்யை அவளும் சேர்ந்து சுமக்கணும். எங்க வூட்டுப் பொண்ணுன்னு சொல்லுங்க. அதுக்கு மேல கேட்டா பதில் சொல்லாதீங்க. மூஞ்சை முறிச்ச மாதிரி இருந்தாலும் பரவால்ல."

"சரி மேடம்" என்றாள். இரண்டு மூன்று முறை சொல்லியும் பார்த்துக்கொண்டாள். எங்க வூட்டுப் பொண்ணு.

பெண் அந்த வீட்டுக்குப் போனாள். சில வாரங்களில் வசந்தி எனக்கு போன் செய்தாள். குரலில் ஏதோ குறை.

"இன்னா மேடம் இது, பொண்ணு அழவே மாட்டேங்குது."

"அழலைன்னா நல்லதுதானே?"

"இல்ல மேடம். பஸ்ஸுல போவசொல்ல புக்கு படிப்பேன் இல்ல, உண்மைக் கதைங்க... அதுல எல்லாம் பசங்க ஒரு நாள் மனசு வுட்டு அழுவாங்க. நானும் ராத்திரி பக்கத்துல குந்திக்கினு, எதுனா சொல்லணும்னா சொல்லும்மா, எதுனா சொல்லணும்னா சொல்லும்மான்னு கேட்டுக்கினே கீறேன். அது, 'சாம்பாரு தண்ணியா கீது, நாளைக்கு கெட்டியா வையுங்க'ன்னு சொல்லுது!"

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. சாம்பார் தண்ணியாக இருக்கிறது என்று தைரியமாகக் குறை சொல்ல ஒரு வீடு கிடைத்திருக்கிறதே, அதைவிட என்ன வேண்டும்? அத்தை வீட்டில் அவள் உப்பில்லை என்றுகூட வாய் திறந்திருக்க முடியாது. இதை வசந்திக்கு எடுத்துச் சொன்னேன். ராத்திரி கேள்வியை அன்றோடு நிறுத்தச் சொன்னேன். நிறுத்தினாள். ஆனால் அவள் மனதில் ஒரு ஏமாற்றம் தங்கிவிட்டது. கதையில் வந்த கட்டம் அவள் வீட்டில் வரவில்லை. தான் செய்தது சரியாகச் செய்யப்பட்டதா என்றே அவளுக்குச் சந்தேகம். அந்தக் கதைகளை எழுதுகிறவர்களுக்கு இது தெரியுமா?

பெண் நன்றாகத்தான் இருந்தாள். பள்ளிக்கூடம் போனாள். டிவி ரிமோட்டுக்கு மணியோடு சண்டை போட்டாள். வாசல் கொக்கியைப் பார்த்துவிட்டு, "நாளைக்கு நீங்களா? அப்ப பூரி" என்று ஆர்டர் போட்டாள். நான் ஆய்வுக்குப் போனால், "திரும்ப வந்துட்டீங்களா ஆன்டி?" என்று கேட்டுவிட்டு விளையாடப் போய்விடுவாள். என் வேலையில் இதற்கு மேல் மரியாதை கிடையாது.

அடுத்த மகளிர் தினத்துக்கு வசந்தியின் கம்பெனியில் ஒரு மலர் போட்டார்கள். ஹெச்ஆரில் பிரவீன் என்று ஒரு தம்பி, கோயம்புத்தூர்ப் பையன், நல்ல மனசுக்காரன்தான். கேன்டீனில் வசந்தியின் பெயர் அடிபட்டது கேட்டு அவளிடம் பேசியிருக்கிறான். அவள் வெள்ளந்தியாக எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறாள். வளர்க்கிறவர்களுக்குத் தெரிய வேண்டியது என்று நாங்கள் ரகசியமாகச் சொன்னது உள்பட. அவன் அதை உருக்கமாக எழுதி மலரின் நடுப்பக்கத்தில் போட்டான். தலைப்பில் கருணை, தாய்மை, தெய்வம் எல்லாம் இருந்தது. வசந்தியின் பெரிய போட்டோ. அவள் ஊர். பெண் எந்தப் பள்ளியில் எந்த வகுப்பு படிக்கிறாள் என்பது. அவளுக்கு என்ன நடந்தது, கையில் எந்த இடத்தில் தழும்பு என்பது. எல்லாம் போட்டுவிட்டு, கீழே பொடி எழுத்தில் ஒரு வரி: சிறுமியின் பெயர் மாற்றப்பட்டுள்ளது. ஏதோ ஒரு பூவின் பெயரை வைத்திருந்தார்கள்.

அவளைச் சித்திரவதை செய்தவர்கள் அதில் எப்படி இருந்தார்கள் தெரியுமா? "சில கல்நெஞ்சக்காரர்கள்." ஊர் இல்லை. உறவு இல்லை. தொழில் இல்லை. எங்கோ காற்றில் இருக்கிற கல்நெஞ்சக்காரர்கள்.

மலர் ஸ்வீட் பாக்ஸோடு சேர்த்து எல்லாருக்கும் கொடுக்கப்பட்டது. கம்பெனி பஸ்கள் எல்லா ஊருக்கும் போகின்றன. மறுநாளே ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது. வசந்தி வீட்டில் இருக்கும் ஒரே பெண்ணுக்கு வேறு பெயர் வைத்துவிட்டால் அது வேறு பெண்ணாகிவிடுமா? பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் அந்தப் பூவின் பெயரைச் சொல்லியே கூப்பிட்டார்கள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். எல்லாரும் நல்லவர்கள். யாரும் வெறுங்கையோடு வரவில்லை. ஆப்பிள், பிஸ்கட், பழைய சுரிதார். வந்து உட்கார்ந்து கொஞ்ச நேரம் பேசிவிட்டு, "கையைக் கொஞ்சம் காட்டு கண்ணு" என்பார்கள். பார்த்துவிட்டு உச்சுக் கொட்டுவார்கள். ஒருத்தி பக்கத்தில் நிறுத்தி செல்பி எடுத்தாள். இன்னொருத்தியிடம் பெண் நேராகவே கேட்டாள்: "உங்க வூட்ல டிவி இல்லியா?" அந்த அம்மாளுக்கு முகம் சிவந்துவிட்டது. "இன்னா திமிரு பாத்தியா இதுக்கு? கஷ்டப்பட்டு வந்த புள்ளை மாதிரியா பேசுது?" என்று வெளியே போய்ச் சொன்னாளாம். கஷ்டப்பட்டு வந்த பிள்ளை எப்படிப் பேச வேண்டும் என்பதை அந்த அம்மாளும் ஏதோ கதையில் படித்திருப்பாள்.

பெண் ஏப்ரல் மாத வெயிலில் முழுக்கை ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு திரிந்தாள். நான் போனபோது வசந்தி என் எதிரே கையைப் பிசைந்துகொண்டு நின்றாள்.

"நாலு பேருக்குத் தெரிஞ்சா, அவங்களும் இந்த மாரி ஒரு புள்ளைய எடுத்து வளப்பாங்கன்னுதான் மேடம் சொன்னேன். அது தப்பா?"

"தப்புதான்" என்றேன். அவள் முகம் விழுந்துவிட்டது. விழட்டும் என்று இருந்தது எனக்கு. "சொல்றதுக்கு அது உன் கதையா? அவளை ஒரு வார்த்தை கேட்டியா?"

"சின்னப் புள்ளை மேடம்..."

"ஆமா. அதான் கேக்கணும்."

இதோடு போயிருந்தால்கூடப் பரவாயில்லை. மலரின் அந்தப் பக்கம் போன் போனாகப் போய், அத்தை வீட்டுக்கும் போய்ச் சேர்ந்தது. பெண் எங்கே இருக்கிறாள் என்பது அதுவரை அவர்களுக்குத் தெரியாது. நாங்கள் அவ்வளவு கவனமாக மறைத்துவைத்திருந்தோம். இப்போது ஊர், பள்ளி, வகுப்பு எல்லாம் அச்சில். ஜாமீனில் வெளியே இருந்த அத்தை புருஷன் ஒரு நாள் பள்ளி விடும் நேரத்தில் பைக்கில் வந்து வாசலில் நின்றான். "குடும்ப மானத்தை புக்கு போட்டு விக்கிறியா?" என்று எல்லார் எதிரிலும் கத்தினான். வாட்ச்மேன் வந்து தடுத்து, டீச்சர் அவளை உள்ளே இழுத்துக்கொண்டார்.

அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும் அவள் தன் துணிகளை எல்லாம் பையில் அடுக்கினாள். ஷூவைக் கழற்றவில்லை. பையை மடியில் வைத்துக்கொண்டு கூடத்தில் உட்கார்ந்துவிட்டாள். சாப்பிடக் கூப்பிட்டால் வரவில்லை. "எப்ப கூட்டினு போவாங்க?" என்று மட்டும் மணியிடம் கேட்டாளாம். போனில் மணி இதை அழுதுகொண்டே சொன்னார். நானும் அழுதேன். அழுதேன் என்று எழுதுவதில் எனக்கு வெட்கமில்லை. அழுதுவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினேன்.

அவள் நினைத்தது சரிதான். எங்கள் அலுவலகத்திலேயே அந்தப் பேச்சு வந்துவிட்டது. "ரிஸ்க் எதுக்கு மேடம், பேசாம வேற மாவட்டத்துல ஒரு ஹோமுக்கு மாத்திடலாம்" என்றார் புதிதாக வந்திருந்த அலுவலர். பாதுகாப்புக்காகவாம். நான் மேசையைத் தட்டியே பேசினேன். தப்புச் செய்தவன் பைக்கில் சுற்றுகிறான். எழுதியவன் ஏசி அறையில் இருக்கிறான். படித்தவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வேலைக்குப் போய்விட்டார்கள். வீட்டை விட்டு, பள்ளியை விட்டு, பூரியை விட்டுப் போக வேண்டியது மட்டும் அந்தக் குழந்தையா? ஒவ்வொரு முறையும் பையைத் தூக்க வேண்டியது பிள்ளைகள்தான் என்றால் நமக்கு எதற்கு இத்தனை நாற்காலிகள்?

விஷயம் குழுவுக்குப் போனது. தமயந்தி அம்மா எல்லாரையும் வரச் சொல்லியிருந்தார். பெண்ணை வைத்துக்கொண்டு யாரையும் விசாரிக்கக் கூடாது என்று அவளை முதலில் பக்கத்து அறையில் வசந்தியோடு உட்கார வைத்தார். அத்தை புருஷன் ஒரு வக்கீலோடு வந்திருந்தான். தமயந்தி அம்மா அவனிடம் பேசிய நேரம் ரொம்பக் கொஞ்சம். பள்ளி இருக்கும் தெருவில், அந்த ஊரில், எங்கேயும் அவன் தலை தெரியக் கூடாது என்று எழுத்தில் கொடுத்து, போலீஸிடமும் ஒரு நகல் கொடுத்து அனுப்பிவிட்டார்.

பிறகு பிரவீனின் முறை. பாவம், வியர்த்துக் கொட்டியது அவனுக்கு.

"பேரை மாத்தித்தாங்க மேடம் போட்டோம்" என்றான்.

"பேர் மட்டும் இல்ல. ஊர், ஸ்கூல், யார் வீட்டுல இருக்கா, இன்னாருன்னு தெரியிற மாதிரி எதையுமே போடக் கூடாது. அது குற்றம். தெரியாதா?"

"நல்ல நோக்கத்துலதாங்க பண்ணினோம். படிச்சவங்க எல்லாருமே அழுதுட்டாங்க மேடம். அவ்வளவு ரீச்."

தமயந்தி அம்மா கேட்டார்: "சரி, அழுதாங்க. அப்புறம்?"

கம்பெனியிலிருந்து மன்னிப்புக் கடிதம் தருவதாகச் சொன்னான். போதாது என்றார்.

அவனை ஓரமாக உட்கார வைத்துவிட்டுப் பெண்ணையும் வசந்தியையும் கூப்பிட்டார். பெஞ்சில் போய் உட்கார்ந்தார், நடுவில் இடம் விட்டு. பை எங்கே என்று கேட்க வேண்டியிருக்கவில்லை. பெண் அதை நெஞ்சோடு அணைத்தபடிதான் வந்தாள்.

"நீ எங்க இருக்கணும்னு நான்தான் முடிவு பண்ணணும். ஆனா உன்னைக் கேக்காம பண்ணமாட்டேன். இவங்க வீட்டுல இருக்கியா, வேற இடம் பாக்கட்டுமா?"

பெண் வசந்தியைத் திரும்பிப் பார்க்கவே இல்லை. ரொம்ப நேரம் ஷூவைப் பார்த்தாள். அந்த வாய் "வேற இடம்" என்று சொல்லியிருந்தால் நான் தடுத்திருக்க முடியாது; தடுக்க எனக்கு உரிமையும் கிடையாது.

"இங்கயே இருக்கேன்" என்றாள். "ஆனா அந்த புக்கை எல்லார்கிட்டருந்தும் திருப்பி வாங்கிக் குடுத்துடுங்க."

தமயந்தி அம்மா பிரவீனைப் பார்த்தார். அவன் தலை குனிந்துகொண்டான். எத்தனையோ வீடுகளுக்குப் போய்விட்டது, போன்களிலும் இருக்கிறது. எந்த உத்தரவு போட்டாலும் திரும்பி வராது. வேறு யாராக இருந்தாலும் "வாங்கித் தர்றோம் கண்ணு" என்று ஒரு பொய்யைச் சொல்லிச் சமாளித்திருப்பார்கள். தமயந்தி அம்மா, "எல்லாத்தையும் வாங்க முடியாதும்மா. எங்களால முடியாது" என்றார்.

மீதி இருந்த பிரதிகளைக் கம்பெனி ஒப்படைக்க வேண்டும், கம்பெனியின் இணையப் பக்கத்திலும் போட்டிருந்ததை எடுக்க வேண்டும், பெண் இருக்கும் இடத்திலேயே இருப்பாள், கம்பெனிமேல் நடவடிக்கைக்குப் பரிந்துரை என்று உத்தரவானது. அந்த நடவடிக்கை என்னவானது என்று கேட்காதீர்கள். நான் ஓய்வு பெறும்வரை கேட்டுக்கொண்டிருந்தேன்.

வசந்தி அதன் பிறகு செய்ததை நான் நேரில் பார்க்கவில்லை. அவள் கூட வேலை பார்த்தவர்கள் சொன்னார்கள். ஷிப்ட் முடிந்து பஸ்ஸில் ஏறியதும் சீட் சீட்டாகப் போய், "அந்த மலர் வூட்ல கீதா? குடுத்துடேன், கால்ல வேணா வுழறேன்" என்று கேட்பாளாம். தன் ஊர் பஸ் மட்டும் இல்லை, மற்ற ஊர் பஸ்களிலும் ஏறியிருக்கிறாள். சூப்பர்வைசர் அம்மாள் இப்படிக் கெஞ்சுவதைப் பார்த்துச் சிலர் கொண்டுவந்து கொடுத்தார்கள். சிலர் சிரித்தார்கள். வந்த பிரதிகளை எல்லாம் வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பெண்ணின் எதிரில் வைத்தாள். இருவருமாகக் கிழித்து வெந்நீர் அடுப்பில் போட்டார்கள். அன்றைக்குத்தான் பெண் ஷூவைக் கழற்றிவிட்டுச் சாப்பிட்டாள் என்று மணி சொன்னார்.

இன்று அவள் வளர்ந்த பெண். டிப்ளமோ படித்துவிட்டு ஒரகடத்தில் ஒரு கம்பெனியில் தரப் பரிசோதனைப் பிரிவில் இருக்கிறாள். பதினெட்டு முடிந்து குழுவின் பொறுப்பு தீர்ந்த பிறகும் வசந்தி வீட்டில்தான் இருக்கிறாள். சாம்பாரை இப்போது அவளே வைக்கிறாளாம். அத்தை வீட்டார்மேல் போட்ட வழக்கு இன்னும் நடக்கிறது. சாட்சி வரவில்லை, வக்கீல் வரவில்லை, நீதிபதி மாறிவிட்டார், இப்படியே வாய்தா. அவர்கள் அதே வீட்டில், அதே தெருவில், கோயில் விழாவுக்கு நன்கொடை கொடுத்துக்கொண்டு கௌரவமாக வாழ்கிறார்கள்.

கோகிலா எழுதச் சொன்னதும் நான் முதலில் போன் செய்தது அந்தப் பெண்ணுக்குத்தான். "உன்னைப் பத்தி எழுதட்டுமா? வேணாம்னா விட்டுடறேன்" என்றேன்.

அவள் சொன்னாள்: "எழுதுங்க ஆன்டி. எனக்கு நடந்ததை எழுதாதீங்க. என் பேரும் வேணாம். அவங்க பேரைப் போடுங்க."

"யார் பேரை?"

"அத்தை, மாமா பேரை. அந்த புக்ல என் ஊரு, ஸ்கூலு, கை எல்லாம் இருந்துச்சு. அவங்களப் பத்தி ஒண்ணுமே இல்ல. படிச்சவங்க அத்தினி பேரும் ஆப்பிள் வாங்கினு என்னைப் பாக்கத்தான் வந்தாங்க. அந்த வூட்டுக் கதவை யாராவது ஒருத்தர் போய்த் தட்டுனாங்களா?"

எனக்கு அது நியாயமாகப் பட்டது. போடுவதாகச் சொன்னேன். ஆனாலும் எனக்குத் தெரிந்த வக்கீலிடம் ஒரு வார்த்தை கேட்டேன். முடியவே முடியாது என்றார் அவர். வழக்கு நிலுவையில் இருக்கிறது, குற்றம் நிரூபிக்கப்படவில்லை, என்மேல் அவர்கள் மானநஷ்ட வழக்குப் போடலாம். அதோடு, உறவுக்காரர் பெயரைப் போட்டால் பெண் யாரென்று தெரிந்துவிடும். அவளைப் பாதுகாக்கிற சட்டமே அதைத் தடுக்கிறது. பேசும்போது அவர் சட்டப் பிரிவுகளை வரிசையாகச் சொன்னார். எல்லாம் சரிதான். ஒன்றிலும் பிழை சொல்ல முடியவில்லை.

அவளுக்குத் திரும்ப போன் செய்து ஒன்றுவிடாமல் சொன்னேன்.

"அப்ப சரி ஆன்டி. அவங்களையே பத்திரமா பாத்துக்குங்க" என்று சொல்லிவிட்டு போனை வைத்துவிட்டாள்.